நிலவும் கற்பனையும்

அறிவியல் படித்தால் கற்பனை வறண்டுவிடும் என்று கலைப்பிரிவு நண்பர்கள் சிலர் கருதுகின்றனர். நான் அதை ஏற்கவில்லை.

இரு உருண்டைகள் ஒட்டிய நிலவொன்று ஒளிர்வதாகக் கதை எழுதினால், மிகை என்போம். ஆனால் 2023 நவம்பர் 1 அன்று, டிங்கினேஷ் என்னும் சிறுகோளைக் கடந்த லூசி விண்கலம் அத்தகைய நிலவையே படம்பிடித்தது! அதன் பெயர் செலாம். எத்தியோப்பியர் மொழியில் 'அமைதி' என்று பொருள். உருண்டை ஒவ்வொன்றும் 200 மீட்டருக்குச் சற்றே மிகுந்த அகலமுடையது. சொந்த ஒளி அதற்கில்லை. நம் நிலவைப் போலவே கதிரவனிடம் பெற்ற ஒளிதான்.

இயற்கையின் கற்பனைக்கு முன் நம் கற்பனை சிறிதே. செங்கற்பட்டிலிருந்து மாமல்லபுரக் கடற்கரை சென்று நிலவைப் பாடும் நண்பர்களே, அதைத் தொலைநோக்கியிலும் ஒருமுறை பாருங்கள். கவிதை கெடாது, வளரும்!