விடுதலையின் விலை

விடுதலை பெற்றும் அதனைப் பேணத் தெரியாத நாடென்று ஹெய்ட்டியைச் சுட்டி நகைப்பார் பலர். கணக்கேட்டில் ஒரு பக்கமே படித்தார்க்கு அங்ஙனந்தான் தோன்றும்.

கரீபியக் கடலில், பிரான்சுக்குச் சர்க்கரையும் காப்பியும் விளைத்துத் தந்த அந்நாட்டில் 1791 ஆம் ஆண்டு அடிமைகள் கிளர்ந்தெழுந்தனர். அவர்தம் தலைவர் தூசேன் லூவெர்த்தூர் வஞ்சனையாற் பிடிபட்டு, 1803 இல் பிரான்சு நாட்டுச் சிறையில் மாண்டார். எனினும் நெப்போலியன் விடுத்த சேனை தோற்றது. 1804 சனவரி முதல் நாள், தெசாலின் விடுதலையைப் பறைசாற்றினார்.

பின் நிகழ்ந்தது யாது? 1825 இல் பிரான்சு மன்னன் பத்தாம் சார்லசு போர்க்கப்பல்களை அனுப்பி, தோட்ட முதலாளிகள் இழந்த உடைமைக்கு ஈடாக 15 கோடி பிராங்கு கேட்டான். அவ்வுடைமையுள் மனிதரும் அடங்குவர்! அடிமையாயிருந்தவன் தன் விலையைத் தானே ஆண்டானுக்கு அளக்க வேண்டுமாம். இதனினும் கொடிய வாணிகம் ஒன்றை யாம் கேட்டறியோம். முதல் தவணை 3 கோடி. பொக்கிஷத்தில் அத்துணைப் பணம் இன்மையால் பாரிசு நகரத்து வட்டிக்கடைகளிலேயே கடன் வாங்கினர். பத்திரத்தில் 3 கோடி; கைக்கு வந்ததோ 2 கோடியே 40 லட்சம். 1838 இல் பாக்கி 6 கோடியாகக் குறைக்கப்பட்டதாயினும், காப்பி விளைத்த குடியானவன் முதுகினின்று அச்சுமை இறங்கவில்லை. பள்ளிக்கும் பாதைக்கும் வேண்டிய பொருள் கடல் கடந்தது.

உள்நாட்டார் குற்றமற்றவர் என்பது எம் கருத்தன்று. தெசாலினை 1806 இல் அந்நாட்டாரே கொன்றனர். கிறிஸ்தோப் 1811 இல் முடி சூடிக்கொண்டார். உழவரை நிலத்தோடு பிணித்த 1826 ஆம் ஆண்டுச் சட்டம் அதிபர் புவாயே இயற்றியது. துவாலியர் தந்தையும் மகனும் 1957 முதல் 1986 வரை நடத்திய கொடுங்கோலையும், 2021 இல் அதிபர் மொயீசு கொலையுண்டதையும் எவர் மேல் ஏற்றுவது? ஆயினும், வட்டிக்கே விளைச்சலைக் கொடுத்தவன் வீட்டிற் பூசல் மிகுதல் வியப்பன்றே. அமெரிக்கப் படையும் 1915 இற் புகுந்து 1934 வரை தங்கிற்று. நிதியின் மேலிருந்த அவர் பிடி 1947 இலேதான் தளர்ந்தது.

கொடுத்த பொருளைத் திரும்பத் தருக என்று 2003 இல் அதிபர் அரிஸ்தீது கேட்டார். அடுத்த ஆண்டே பதவியிழந்தார். கட்டளை பிறந்து 200 ஆண்டு நிரம்பிய 2025 ஏப்ரல் 17 அன்று, இரு நாட்டு வரலாற்றறிஞரும் கூடி ஆராய ஒரு குழு அமையும் எனப் பிரான்சு அதிபர் மக்ரோன் அறிவித்தார். பணத்தைத் திருப்பித் தருவதாக அவ்வறிவிப்பில் ஒரு சொல்லும் இல்லை.