முற்றத்துக்கு வானம் தந்தவர்

திரைப்படம் பலர் கூடிச் செய்கிற வேள்வியாயிருக்க, அதன் பலன் முழுவதையும் இயக்குநர் ஒருவருக்கே தாரைவார்த்துக் கொடுத்துவிடும் வழக்கம் நம் விமரிசனத்தில் வேரூன்றிவிட்டது என்பதை, வங்காளத்து ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ராவை நினைக்கும்போதெல்லாம் வருத்தத்தோடு உணர்கிறோம்.

ஹூக்ளி நதிக்கரையில் பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் ‘தி ரிவர்’ படத்தை எடுத்துக்கொண்டிருந்தபோது, வேலை கேட்டுப் போய், அது கிடைக்காமல், பார்த்துக்கொண்டிருக்க மட்டும் அனுமதி பெற்ற அவ்விளைஞர், விளக்குகள் நின்ற இடங்களையும் நடிகர் நகர்ந்த திசைகளையும் வரைபடமாக்கிக் குறித்துவைக்க, ரெனுவாரின் அண்ணன் மகனும் அப்படத்தின் ஒளிப்பதிவாளருமான கிளாட் ரெனுவாரே, முன்னெடுத்த காட்சியின் ஒளியோடு பின்னெடுப்பது இசைகிறதா என்றறிய அக்குறிப்புகளைக் கேட்டுப் பார்க்கலானார். அப்படத்தின் முகப்புக்குச் சிதார் வாசித்தவரும் மித்ராவே.

சலனப்படக் காமிராவை இயக்கிய அனுபவமே இல்லாத, இருபது வயதைச் சற்றே கடந்த இவரைச் சத்யஜித் ராய் ‘பதேர் பாஞ்சாலி’க்கு (1955) ஒளிப்பதிவாளராக்கினார். அதில், மிட்டாய்க்காரன் பின்னால் குழந்தைகள் போகும் காட்சிக்கு, படத்துக்கு இசையமைத்த ரவிசங்கருக்கு அவகாசமில்லாமற் போகவே, இவருடைய சிதாரே துணை வந்தது.

ஆயினும் அவருடைய மேதை பிரத்தியட்சமாவது ‘அபராஜித’ (1956) படத்தில்தான். திறந்தவெளியில் எழுப்பக் கருதியிருந்த காசி வீட்டை, மழைக்கு அஞ்சி ஸ்டூடியோவுக்குள்ளேயே அமைக்கக் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தர் தீர்மானித்தபோது, நடுமுற்றத்தில் மேலிருந்து நிழலின்றி இறங்கும் வானொளியை விளக்குகளால் கொண்டுவருவது அசாத்தியம் என்று மித்ரா அவரோடும் ராயோடும் வாதாடினார், வாதம் பலிக்கவில்லை. அதன்பின் அவர் செய்ததுதான் அதிசயம்: முற்றத்தின் மேலே வெள்ளைத் துணியை விரித்துக் கட்டி, விளக்குகளை நடிகர்மேல் காட்டாமல் அத்துணியை நோக்கித் திருப்பினார். ஒரே ஆளுக்குச் சுவரில் இரண்டு மூன்று நிழல்கள் விழுவதைச் சகித்துப் பழகியிருந்த அக்காலத்தில், துணியிற்பட்டுத் திரும்பிய அந்த மெல்லொளியில் கதையின் தாயான சர்வஜயா நடமாடுவதைக் காணும் எவருக்கும், அது கல்கத்தா ஸ்டூடியோ என்ற எண்ணமே எழுவதில்லை. அவளுடைய தனிமை நம் நெஞ்சைத் தொடுவதில் அந்த ஒளிக்கும் பங்குண்டு. அதைச் சொல்லாமல் ராயின் கருணையை மட்டும் வியப்பது பாதி உண்மையே.

சிதாரும் காமிராவும் இருவேறு வித்தைகளாக அவரிடம் தங்கியிருந்தன என்று நாம் நம்பவில்லை. சுருதி சிறிது பிசகினாலும் பொறாத செவியின் அவதானமே, பொய்யொளியைப் பொறாத கண்ணாகவும் இருந்தது.

ராயோடு ‘நாயக்’ (1966) வரை உழைத்தார்; ஜேம்ஸ் ஐவரிக்காக ‘ஷேக்ஸ்பியர் வாலா’வையும், ஹிந்தியில் ‘தீஸ்ரீ கஸம்’ படத்தையும் ஒளிப்பதிவு செய்தார்; ‘நியூ டெல்லி டைம்ஸ்’ அவருக்குத் தேசிய விருதைத் தந்தது. முதுமையில் கல்கத்தாவில் ராயின் பெயரால் அமைந்த திரைப்படக் கழகத்தில் மாணவருக்குக் கற்பித்து, 2001-இல் மறைந்தார்.

ராயைப் பற்றி இனி எழுதப் புகும் நம் நண்பர்கள், கதையின் தத்துவத்தை ஆராய்வதோடு அமையாமல், எந்தக் காட்சியில் எந்த விளக்கு எங்கே நின்றது என்பதையும் கேட்டறிந்து எழுத வேண்டுமென்று விண்ணப்பித்துக்கொள்கிறோம்.