முள்முடியும் விளையாட்டுப் பெட்டியும்

மேலகரத்திலிருந்து ஒரு தாயார் நமக்கு எழுதியுள்ளார். மகன் கேட்ட வீடியோ விளையாட்டுப் பெட்டியை வாங்கித் தருவதாக வாக்களித்துவிட்டாராம். அப்பெட்டிக்காக முன்னொரு நாள் ஆண்டவரின் முள்முடியையே விளம்பரமாக்கினார்கள் என்று யாரோ கூற, மனம் கலங்கியிருக்கிறார்.

செய்தி மெய்யே. சோனி நிறுவனத்தார் 'பிளேஸ்டேஷன்' பெட்டியை ஐரோப்பாவில் 1995 செப்டம்பரில் விற்பனைக்குக் கொணர்ந்தனர். பத்தாண்டு நிறைவையொட்டி 2005-இல் இத்தாலியில் ஒரு விளம்பரம் வெளியாயிற்று. ஓர் இளைஞன், அவன் தலையில் முள்முடி. பெட்டியின் பொத்தான்களிலுள்ள முக்கோணம், வட்டம், சதுரம், பெருக்கற்குறி ஆகியனவே அதில் முட்களாகப் பின்னப்பட்டிருந்தன. உடன் இருந்த வாசகம் 'பத்தாண்டுப் பாஸ்ஸியோனே' என்பது. இத்தாலிய மொழியில் அச்சொல் தணியாத ஆர்வத்தையும் குறிக்கும். ஆண்டவரின் திருப்பாடுகளையும் குறிக்கும். குறவஞ்சி பாடிய திரிகூடராசப்பக் கவிராயர் பிறந்த ஊராருக்குச் சிலேடை இன்னதென நாம் விளக்க வேண்டியதில்லை. இச்சிலேடையோ பெரிய வெள்ளியன்று திருச்சிலுவையை முத்தி செய்யும் மக்களின் நெஞ்சைக் குத்திற்று. கண்டனம் எழுந்தது. நிறுவனத்தார் மன்னிப்புக் கோரி விளம்பரத்தை விலக்கிக்கொண்டனர்.

கதை அத்துடன் முடிந்திருந்தால் நலம். மறு ஆண்டே, 2006-இல், கையடக்கக் கருவியின் வெண்ணிறப் பதிப்புக்காக ஹாலந்து நாட்டில் விளம்பரப் பலகைகள் எழும்பின. வெள்ளையுடை தரித்த வெள்ளைக்காரப் பெண்ணொருத்தி கறுப்பினப் பெண்ணொருத்தியின் முகவாயைக் கையால் இறுகப் பற்றி நிற்கிறாள்; 'வெள்ளை வருகிறது' என்று வாசகம்! இரு நிறங்களின் வேறுபாட்டைக் காட்டவே அவ்வாறு செய்தோம் என முதலில் வாதாடினார்கள். பின்னர் அதையும் அகற்றினார்கள்.

நம் நாட்டிலும் இதையொத்த மனத்தாங்கல் ஒன்று நேர்ந்ததுண்டு. விளம்பரத்தால் அன்று, விளையாட்டினாலேயே. 2009-இல் அதே நிறுவனம் அனுமனைத் தலைவனாக்கி ஒரு விளையாட்டை வெளியிட்டபோது, தாங்கள் தொழும் தெய்வத்தைப் பொத்தானால் ஆட்டிவைப்பதா என்று இந்து சமயத்தார் சிலர் வருந்தினர். அவ்வருத்தம் நமக்குப் புரியாததா?

தாயாருக்கு நாம் கூறுவது இது. பெட்டியை வாங்குவதும் விடுவதும் உங்கள் வீட்டு வரவு செலவைப் பொறுத்தது. கொடுத்த வாக்கை இதற்காக முறிக்க வேண்டியதில்லை. ஆயினும் பெட்டி வீடு வருமுன் மகனை அருகில் அமர்த்தி இம்மூன்றையும் சொல்லுங்கள். முள்முடியை மட்டும் சொல்லி நிறுத்திவிடாதீர்கள். ஹாலந்துப் பலகையில் முகம் பற்றப்பட்டு நின்ற அப்பெண்ணைப் பற்றி அவன் என்ன சொல்கிறான் என்று கேட்டு, நமக்கு மறுபடியும் எழுதுங்கள்.