டிரெவெல்யன் புத்தியும் ஏரி வேலையும்

நூறு நாள் வேலைச் சட்டத்தை 2025 டிசம்பரில் எடுத்துவிட்டு, அந்த இடத்தில் வேறொன்றை வைத்துவிட்டார்கள். 125 நாள் தருவோம் என்கிறார்கள். ஆனால், கூலி முழுவதையும் தந்துவந்த ஒன்றிய அரசு, இனி செலவில் 40 சதவீதத்தை மாநிலத்தின் தலையில் கட்டும். விதைப்பு, அறுவடைக் காலத்தில் 60 நாள் வரை வேலையை நிறுத்திவைக்கலாமாம். விழுப்புரம் மாவட்டத்துக் கண்டாச்சிபுரத்தில் மல்லாட்டை பிடுங்கும் நாளில் அரசு தரும் ஏரி வேலை இல்லையென்றால், கூலி எவ்வளவு என்று யார் சொல்வார்? கொல்லைக்காரர்தான்.

ஏழையின் வேலையை நிறுத்திச் செலவை மிச்சம்பிடிக்கும் இந்தப் புத்தி புதிதல்ல. அயர்லாந்தில் உருளைக்கிழங்கு அழுகியபோது லண்டன் கருவூலத்தில் அமர்ந்து நிவாரணச் செலவுக்குக் கடிவாளம் போட்டவர் சார்லஸ் டிரெவெல்யன். 1847 மார்ச்சில் ஏழு லட்சம் பேர் நிவாரண வேலையில் சாலை போட்டுக்கொண்டிருந்தார்கள். அதே ஆண்டு அந்த வேலையை மூடினார்கள். பஞ்சத்தில் செத்தவர்கள் சுமார் 10 லட்சம். அதற்கும் மேற்பட்டோர் கப்பலேறினார்கள். இந்த டிரெவெல்யன்தான் 1859-ல் சென்னை மாகாண ஆளுநராக வந்து இறங்கினார். அடுத்த ஆண்டே திருப்பி அழைத்துக்கொண்டார்கள். புத்தி மட்டும் கோட்டையிலேயே தங்கிவிட்டது.

தாது வருஷப் பஞ்சத்தைப் பாருங்கள். 1877-ல் செலவைக் குறைக்க இங்கே அனுப்பப்பட்டவர் ரிச்சர்ட் டெம்பிள். பகலெல்லாம் மண் சுமக்கும் ஆணுக்கு ஒரு பவுண்டு தானியம், ஓரணா காசு என்று விதித்தார். ஒரு பவுண்டு என்பது அரைக் கிலோகூட இல்லை. பெண்ணுக்கு அதிலும் குறைவு. மாகாணச் சுகாதார ஆணையர் கார்னிஷ், இதைத் தின்று உழைக்க முடியாது என்று மல்லுக்கு நின்றார். வேடிக்கை என்னவென்றால், இதே டெம்பிள் 1874-ல் பிகாரில் பர்மா அரிசியை இறக்கி, சாவைத் தடுத்தவர். அதற்காக ஊதாரி என்று ஏச்சு வாங்கினார். அந்தப் பழியைக் கழுவ அவருக்கு நம்மவர்கள் வயிறு கிடைத்தது. அன்று இலங்கைக் காப்பித் தோட்டங்களுக்குப் போன கூட்டம் மலையழகைப் பார்க்கவா போனது?

நூறு நாள் வேலை என்று வேப்பமரத்தடியில் கதை பேசுவதற்குக் கூலியா என்போர் இன்றும் இருக்கிறார்கள். வெயிலில் வரப்பு மிதிக்காத அவர்களுக்குப் பதில் எழுதி இடத்தை வீணாக்க மாட்டேன்.

2006 பிப்ரவரியில், நாட்டிலேயே முதல் கட்டமாக நூறு நாள் வேலை வந்த மாவட்டங்களில் விழுப்புரமும் ஒன்று. இப்போது அதன் வயிற்றில் அடித்தால் கண்டாச்சிபுரம் பெங்களூருக்குக் கட்டட வேலைக்குப் போகும். கிழவிகளும் பிள்ளைகளும் மட்டும் ஊரில் மிஞ்சுவார்கள். 40 சதவீதத்துக்கு எங்கே போவது என்று கோட்டையில் கணக்குப் போடுபவர்கள், அந்த 60 நாளை ஒரு நாள்கூட இங்கே அமலாக்க மாட்டோம் என்று முதலில் சட்டமன்றத்தில் எழுந்து சொல்லட்டும்.