யாருடைய மூளை?

“புதிய யோசனை வேண்டும்” என்று முதலாளிமார்கள் மேடைதோறும் பேசி வருகிறார்கள். மெத்தச் சரி. பணக்காரர் புட்டியில் வாங்கிய ஷாம்பூவைக் கூலிக்காரனும் வாங்கும்படி சிறு பொட்டலத்தில் அடைத்தார் கடலூர் சின்னிகிருஷ்ணன். அவர் மகன் ரங்கநாதன் 1983-ல் அதே ஊரில் 15,000 ரூபாயோடு சிக் ஷாம்பூ தொடங்கி, பிற்பாடு காலிப் பொட்டலம் ஐந்துக்கு ஒன்று இனாம் என்றார். இது ஜாதகத்தின் பலனா? யோசித்ததன் பலனல்லவா!

ஆனால் தோழர்களே, அந்த யோசனை ஒரு கூலியாளுக்குத் தோன்றியிருந்தால்? கடலூரானாலும் சிதம்பரமானாலும், இயந்திரத்தின் கோளாறு அதை ஓட்டுகிறவனுக்குத்தான் முதலில் தெரியும். அவன் வாய் திறந்தால் அதிகப்பிரசங்கி. அதையே மேஸ்திரி சொன்னால் புத்திசாலித்தனம்! யோசனையை மதிக்கிற முதலாளி, அதனால் வந்த லாபத்தில் அவனுக்கும் பங்கு எழுதிக் கொடுக்கட்டும்; மேடைப் பாராட்டை அப்புறம் கேட்டுக்கொள்கிறோம்.