காணாமல் போனது ஃபைல்தான், கணக்கு அல்ல!

அக்னி நட்சத்திரத்தில் மதுரை வெயில் 40 டிகிரியைத் தாண்டும். அந்தச் சூட்டிலும் கடையில் இருக்கும் தாத்தாவின் இன்சுலினும் பாப்பாவின் தடுப்பூசி மருந்தும் 2 முதல் 8 டிகிரிக்குள் இருந்தாக வேண்டும். கெட்டுப்போன இன்சுலின் பார்வைக்கு நல்லதுபோலவே இருக்கக்கூடும். ஃப்ரிட்ஜ் எத்தனை மணி நேரம் எந்தச் சூட்டில் இருந்தது என்ற கணக்குதான் ஒரே சாட்சி.

அந்தக் கணக்கை எழுதும் சின்னக் கருவிதான் டேட்டா லாகர். சில நிமிடங்களுக்கு ஒருமுறை வெப்பநிலையைக் குறித்துக்கொள்ளும். கம்ப்யூட்டரில் செருகினால், அதற்கான சாஃப்ட்வேர் எல்லாவற்றையும் வரைபடமாகக் காட்டும்.

விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவு 2025 அக்டோபர் 14-ல் முடிந்துவிட்டது. அதனால் புது கம்ப்யூட்டர் வாங்கி, அதில் பழைய லாகர் சாஃப்ட்வேரை ஏற்றுகிறார்கள். அப்போது சில சமயம், ‘எம்எஸ்விசிஆர்100.டிஎல்எல் இல்லை’ என்று திரை முரண்டு பிடிக்கும்.

டிஎல்எல் என்பது என்ன? ஊர்ப் பொதுவில் இருக்கும் அண்டா, குண்டா மாதிரி. ஒவ்வொரு வீட்டிலும் அண்டா வாங்கி வைப்பதில்லை. விசேஷம் வந்தால் பொதுவில் எடுத்துக்கொள்கிறோம். அதுபோல, பல சாஃப்ட்வேர்களுக்கும் தேவைப்படும் வேலைகளை ஒரே ஃபைலில் வைத்துப் பங்கிட்டுக்கொள்கின்றன. இடம் மிச்சம். ஆனால் அண்டா இல்லையென்றால் சமையலே நின்றுவிடும்.

இந்த நேரத்தில் பலர் செய்யும் காரியம், அந்த ஃபைலின் பெயரை இணையத்தில் தேடி, கிடைத்த தளத்திலிருந்து இறக்கிக்கொள்வது. அதை மட்டும் செய்யவே வேண்டாம். அதற்குள் வைரஸ் ஒளிந்திருக்கலாம். இல்லாவிட்டாலும், பதிப்பு மாறினால் சாஃப்ட்வேர் ஓடாது.

செய்ய வேண்டியவை இவைதான்:

முதலில், பதற வேண்டாம். பெரும்பாலான லாகர்கள் கணக்கைத் தங்கள் நினைவகத்திலேயே வைத்திருக்கும். ஆனால் லாகரில் புதிய பதிவைத் தொடங்கிவிடாதீர்கள். பல கருவிகளில் பழைய கணக்கு அழிந்துவிடும்.

அடுத்து, லாகர் தயாரித்த நிறுவனத்தின் தளத்தில் சாஃப்ட்வேரின் புதிய பதிப்பு இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் அதையே நிறுவுங்கள். பாதிப் பிரச்னை அங்கேயே தீரும்.

தீரவில்லையா? மைக்ரோசாஃப்ட்டின் சொந்தத் தளத்தில் ‘விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்’ என்ற தொகுப்பு இலவசமாகக் கிடைக்கிறது. எம்எஸ்விசிஆர்100 கேட்டால் 2010-ம் ஆண்டுத் தொகுப்பு. விசிரன்டைம்140 கேட்டால் 2015-க்குப் பிந்தைய தொகுப்பு.

இங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். கம்ப்யூட்டர் 64 பிட் என்பதால் ‘எக்ஸ்64’ தொகுப்பை மட்டும் நிறுவுவார்கள். பழைய லாகர் சாஃப்ட்வேர் பெரும்பாலும் 32 பிட் காலத்தது. அதற்கு ‘எக்ஸ்86’ தொகுப்புதான் வேண்டும். இரண்டையும் நிறுவுவதில் தவறில்லை. நிறுவியதும் கம்ப்யூட்டரை ஒருமுறை ரீஸ்டார்ட் செய்யுங்கள்.

காணாமல் போனது லாகர் நிறுவனத்தின் சொந்த ஃபைல் என்றால், மைக்ரோசாஃப்ட் தொகுப்பால் பயனில்லை. சாஃப்ட்வேரை நீக்கிவிட்டு, முழுதாக மீண்டும் நிறுவ வேண்டும்.

ஒன்றை மறக்காதீர்கள்: புதியதில் லாகரைச் செருகி, கடைசிப் பதிவுவரை திறந்து பார்க்கும் வரை, பழைய கம்ப்யூட்டரை எக்ஸ்சேஞ்சில் போட்டுவிடாதீர்கள்.