சாளரத்தில் ஓடும் விளையாட்டும் பதிவின் நம்பகமும்

என்விடியா நிறுவனம் ஜிஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ் மென்பொருளுக்கு ஓய்வு கொடுத்து, அதனிடத்தில் என்விடியா ஆப் என்னும் புதிய மென்பொருளை 2024 நவம்பரில் முறையாக வெளியிட்டதையடுத்து, விளையாட்டுப் பதிவைத் தொழிலாகவும் ஆய்வுக் கருவியாகவும் கொண்டோர் அதற்கு மாறுவதா, பழைய வழிகளிலேயே தொடர்வதா என்பது குறித்து இவ்விதழ் தன் நிலைப்பாட்டைச் சொல்லவேண்டியதாகிறது. அன்றாடத் துணுக்குப் பதிவுக்கு இம்மென்பொருள் தகுதியானது; ஆவணப் பதிவுக்கு, அதிலும் சாளரத்தில் ஓடும் பழைய விளையாட்டுகளின் ஆவணப் பதிவுக்கு, இது இன்னும் தகுதி பெறவில்லை என்பதே இவ்விதழின் முடிவு.

வரவேற்க வேண்டியவற்றை முதலில் வரவேற்றுவிடலாம். 2016இல் வந்த எக்ஸ்பீரியன்ஸ் 3.0 பதிப்பு, கணக்குத் தொடங்கி உள்நுழைந்தால் மட்டுமே பதிவு வசதியைத் தந்தது. காசு கொடுத்து வாங்கிய வரைகலை அட்டையின் ஒரு பகுதியைப் பயன்படுத்த மின்னஞ்சல் முகவரியைக் கொடுக்கவேண்டிய அந்நிலை எட்டாண்டுகளுக்குப் பின் நீங்கியிருக்கிறது. ஏவி1 குறியாக்கத்தில் வினாடிக்கு 120 பிரேம் வரை பதிவு செய்யும் வசதியும் சேர்ந்திருக்கிறது. எக்ஸ்பீரியன்ஸின் பதிவு வசதியான ஷேடோபிளே 2013 அக்டோபரில் அறிமுகமானபோது அதன் பெரும்பயனாக இருந்தது, அட்டைக்குள் தனியாக அமைந்த என்வென்க் என்னும் குறியாக்கச் சுற்று பதிவின் சுமையைத் தாங்கிக்கொள்வதால் விளையாட்டின் வேகம் பெரிதும் குறையாமை. அப்பயன் இன்றும் அப்படியே நீடிக்கிறது.

பத்தாண்டுகளுக்கு மேலாகியும் மாறாதிருப்பது சாளரத்தைப் பற்றிய பார்வை. முழுத்திரையைத் தனதாக்கிக்கொண்டு ஓடும் விளையாட்டு, வரைந்து முடித்த ஒவ்வொரு பிரேமையும் நேரே திரைக்கு அனுப்புகிறது. அந்தக் கைமாற்றத்தின்போதே டிரைவர் ஒரு பிரதியை எடுத்துக் குறியாக்கச் சுற்றுக்குத் தந்துவிட முடிகிறது. சாளரத்தில் ஓடும் விளையாட்டின் நிலை வேறு. விண்டோஸ் விஸ்டா காலம் தொட்டு இயங்கிவரும் டெஸ்க்டாப் விண்டோ மேனேஜர், திறந்திருக்கும் எல்லாச் சாளரங்களின் பரப்புகளையும் திரட்டி, திரையின் புதுப்பிப்பு வேகத்துக்கு இசைய ஒரே படமாகத் தொகுத்து அனுப்புகிறது. விளையாட்டு என்று மென்பொருள் அடையாளம் கண்டுகொண்டவற்றைச் சாளரத்திலும் அது தனியே கையாளக்கூடும். அடையாளம் காணாதவற்றுக்கு, டெஸ்க்டாப் பதிவு என்னும் தெரிவை இயக்கினாலன்றி வழியில்லை. அத்தெரிவை இயக்கினால் கோப்பில் சேர்வது விளையாட்டன்று, திரை முழுவதும்.

ஏஎம்டி நிறுவனமும் 2016 டிசம்பரில் ரீலைவ் வசதியைக் கொண்டுவந்தபோது டெஸ்க்டாப் பதிவைத் தனித் தெரிவாகவே வைத்து, விளிம்பில்லாச் சாளரங்களுக்கென்று மற்றொரு தெரிவையும் அதனோடு இணைத்தது. ஆகவே இது ஒரு நிறுவனத்தின் குறை மட்டுமன்று, துறையின் பழக்கமாகவே நிலைத்துவிட்டது. அப்பழக்கத்தின் உடனடி விளைவுகள் இவ்விதழின் வாசகர்களுக்குப் புதியவை அல்ல. பணிப்பட்டையும், வந்து விழும் அறிவிப்பும், அதில் தெரியும் நண்பரின் பெயரும் பதிவில் ஏறிவிடுகின்றன. அதைவிடக் கடுமையானது, டெஸ்க்டாப் பதிவு நடக்கும்போது உலாவியில் பதிப்புரிமைக் காப்புள்ள படம் ஒன்று திறந்திருந்தால் பதிவே நின்றுவிடுவது. தன் பரப்பைப் பிறர் படம்பிடிக்கக் கூடாதென்று ஒரு சாளரம் அறிவித்துக்கொள்ளும் வசதி விண்டோஸ் 7 முதல் இருந்துவருகிறது. அந்த ஒரு சாளரத்தை மட்டும் கறுப்பாக்கிவிட்டு மற்றவற்றைத் தொடர்ந்து பதிவு செய்வது செய்யக்கூடியதே என்றிருக்க, பதிவு முழுவதையும் நிறுத்துவதற்குத் தொழில்நுட்பக் காரணம் எதுவும் இல்லை.

இவை தொல்லைகள், பொறுத்துக்கொள்ளலாம், சுற்றுவழியும் உண்டு. இவ்விதழ் தொடங்கிய நாள்முதல் வலியுறுத்திவரும் கவலை வேறொன்று: பதிவு விளையாட்டுக்கு உண்மையாக இருக்கிறதா என்பது. சாளரத்தில் ஓடுபவற்றுள் பெரும்பங்கு பழைய விளையாட்டுகள். அவற்றை இன்றைய கணினியில் இயக்கித் தரும் டாஸ்பாக்ஸும் ஸ்கம்விஎம்மும் இயல்பிலேயே சாளரத்தில் திறப்பவை. 640×480 அளவுக்கு மட்டுமே எழுதப்பட்ட விண்டோஸ் விளையாட்டுகள் பலவும் இன்றைய திரைகளில் இடைநிலை உறைகளின் துணையோடு சாளரத்துக்குள்ளேயே ஒழுங்காக இயங்குகின்றன. ஆவணப்படுத்தலின் தேவை மிகுந்த இவற்றைத்தான் அட்டை நிறுவனங்களின் மென்பொருள் மிகக் குறைந்த கவனத்தோடு நடத்துகிறது.

1993இல் வெளிவந்த டூம் விளையாட்டை எடுத்துக்கொள்ளலாம். விஜிஏ அட்டையின் 320×200 நிலையில் திரை வினாடிக்கு 70 முறை புதுப்பிக்கப்பட்டதால், டூம் அதில் சரிபாதியாக வினாடிக்கு 35 பிரேம் என்ற சீரான ஓட்டத்தில் அமைக்கப்பட்டது. இன்று அதை டாஸ்பாக்ஸ் சாளரத்தில் ஓட்டி, 60 ஹெர்ட்ஸ் திரையில், 60 பிரேம் என்று வைத்துப் பதிவு செய்தால், 35 பிரேம்கள் 60 இடங்களை நிரப்பவேண்டிவருகிறது. ஒவ்வொரு வினாடியிலும் 25 பிரேம்கள் இருமுறையும் 10 பிரேம்கள் ஒருமுறையும் கோப்பில் விழுகின்றன. வினாடிக்கு 70 பிரேமும் புதிதாக வரையும் விளையாட்டாக இருந்தால், பத்துப் பிரேம்கள் தொலைந்தே போகின்றன. அக்கோப்பைப் பின்னாளில் காணும் ஆய்வாளர், அசைவில் தெரியும் தடுமாற்றம் விளையாட்டின் இயல்பா, பதிவுக் கருவியின் பிழையா என்று பிரித்தறிய வழியில்லை; ஏனெனில் எந்தத் திரையில், எந்தப் புதுப்பிப்பு வேகத்தில், எம்முறையில் பதிவானது என்ற குறிப்பு எதையும் இம்மென்பொருள் கோப்பில் எழுதிவைப்பதில்லை.

நிறத்துக்கும் இதே கதி. துணுக்குப் பதிவின் வழக்கமான 4:2:0 முறையில் ஒளிர்வு ஒவ்வொரு புள்ளிக்கும் தனியே சேமிக்கப்பட, நிறம் மட்டும் இரண்டுக்கு இரண்டாக அமைந்த நான்கு புள்ளிகளுக்குப் பொதுவாகச் சேமிக்கப்படுகிறது. இன்றைய முப்பரிமாண விளையாட்டில் இந்த இழப்பு கண்ணுக்குத் தெரிவதில்லை. டூமின் கீழ்ப்பட்டையிலுள்ள சிவப்பு எண்களில் உடனே தெரிகிறது. சாளரத்தை மூல அளவிலேயே வைத்துப் பதிந்தால், எண்ணின் ஓரத்துச் சிவப்பு பக்கத்துச் சாம்பல் புள்ளியில் கசிந்து, கூர்மையாக வரையப்பட்ட இலக்கம் மங்கிப்போகிறது. படத்தைச் சரியாக இருமடங்காக்கினால் ஒவ்வொரு மூலப்புள்ளிக்கும் தனக்கென ஒரு நிறப்பதிவு கிடைத்துவிடும். ஆனால் டெஸ்க்டாப் பதிவில் தலைப்புப் பட்டையின் உயரத்தால் சாளரத்தின் உட்பகுதி ஒற்றைப்படை வரியில் தொடங்கிவிட்டால், நிறக்கட்டங்கள் மூலப்புள்ளிகளோடு பொருந்தாமல் விலகி, இருமடங்காக்கியதன் பயன் வீணாகிறது. ஒரு வரியின் பிசகில் ஓர் ஆவணம் கெடுகிறது.

இதற்கு வன்பொருளின் வரம்பைக் காரணம் காட்ட முடியாது. நிறத்தைக் குறைக்காத 4:4:4 குறியாக்கத்தையும் இழப்பற்ற குறியாக்கத்தையும் என்வென்க் சுற்று நெடுங்காலமாகவே செய்யவல்லது. ஓபிஎஸ் என்னும் தன்னார்வலர் மென்பொருள் வழியாக அவற்றைப் பயன்படுத்தவும் முடிகிறது. வினாடிக்கு எத்தனை பிரேம் என்பதைப் பின்ன எண்ணாகக்கூட ஓபிஎஸ்ஸில் குறிப்பிடலாம். அட்டையைச் செய்த நிறுவனத்தின் சொந்த மென்பொருளிலோ 30, 60, 120 போன்ற ஆயத்த எண்களே உள்ளன. அக்கோப்புகளும் மாறும் பிரேம் வேகத்தில், அதாவது பிரேம்களுக்கிடையிலான கால இடைவெளி சீராக இல்லாத வகையில் எழுதப்படுகின்றன. படத்தொகுப்பாளர்கள் இதனால் பட்ட பாடு தனி வரலாறு. டிரைவரின் ஆழத்திலிருந்தே திரைப்படிமத்தைப் பிடிக்கும் என்விஎஃப்பிசி என்னும் வழியை அதே நிறுவனம் தொழில்முறை அட்டைகளுக்கு மட்டுமே உரித்தாக்கி, பொதுப் பயனரின் அட்டையில் அடைத்துவைத்ததும் இங்கு நினைவுகூரத்தக்கது. திறன் சில்லில் இருக்கிறது, அதைத் திறந்துவிடும் மனம்தான் இல்லை.

பிரேம் அளவிலான இந்த நுணுக்கம் வீண்கவலை என்று எண்ணுவோர், விளையாட்டுச் சாதனைகளைப் பதிந்துவரும் ட்வின் கேலக்சீஸ் 2018இல் அமைப்பு நடத்திய டாங்கி காங் சாதனை விசாரணையை எண்ணிப்பார்க்கலாம். காட்சி மாறும் இடங்களில் ஆட்டக்களம் எவ்வாறு வரையப்படுகிறது என்று பழைய பதிவுகளின் பிரேம்களை ஒவ்வொன்றாகப் பிரித்துப் பார்த்ததே அவ்விசாரணையின் மையமாக அமைந்தது. அதன் முடிவு பின்னர் நீதிமன்றம் வரை சென்றது வேறு செய்தி. பதிவின் ஒரு பிரேம் சாட்சியாக நிற்கும் என்பது அன்றே உறுதியாகிவிட்டது.

என்விடியா ஆப் வெளிவருவதற்குச் சில வாரங்களுக்கு முன், 2024 அக்டோபர் இறுதியில், அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் எடுத்த முடிவு இக்கவலையைப் பன்மடங்காக்கிவிட்டது. நூலகங்களும் காப்பகங்களும் பாதுகாத்துவைத்திருக்கும், சந்தையில் கிடைக்காத விளையாட்டுகளை, தொலைவிலிருக்கும் ஆய்வாளர்கள் வலைவழியே இயக்கிப் பார்க்க விலக்கு அளிக்குமாறு மென்பொருள் பாதுகாப்பு வலையமைப்பு கோரியிருந்தது. விளையாட்டு நிறுவனங்களின் சங்கம் அதை எதிர்த்தது. பொழுதுபோக்குக்காகப் பயன்படுத்தப்பட்டுச் சந்தை பாதிக்கப்படக்கூடும் என்ற வாதம் ஏற்கப்பட்டு, கோரிக்கை மறுக்கப்பட்டது. பிறவகை மென்பொருளுக்கு 2021 முதல் இருந்துவரும் தொலைநிலை அனுமதி விளையாட்டுகளுக்கு மட்டும் இல்லை. அமெரிக்காவில் 2010க்கு முன் வெளியான விளையாட்டுகளில் 87 விழுக்காடு இன்று விற்பனையில் இல்லை என்று வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளை 2023இல் வெளியிட்ட ஆய்வு அந்த அலுவலகத்தின் முன் இருந்தும், தீர்ப்பு மாறவில்லை.

கடையில் வாங்க முடியாது. காப்பகத்தின் கட்டடத்துக்கு நேரில் சென்றாலன்றி ஆடவும் முடியாது. கடல் கடந்து வாழும் ஆய்வாளருக்கும் மாணவருக்கும் எஞ்சியிருப்பது பதிவு ஒன்றே. அதுவே சாட்சி என்றான பின், அச்சாட்சியின் தரத்தைக் காக்கும் பொறுப்பை யாரும் ஏற்கவில்லை என்பது பொறுக்கத்தக்கதன்று. பதிப்புரிமை அலுவலகம் மூலத்தைப் பூட்டிவைக்கிறது. இயங்குதள நிறுவனமும் அட்டை நிறுவனங்களும் திரைப்பட நிறுவனங்களின் உரிமைக்காகப் பதிவை நிறுத்திவைக்கும் ஏற்பாட்டைக் கருத்தாகச் செய்திருக்கின்றன. பதிவு செய்வோருக்காக 70 என்ற ஓர் எண்ணைப் பட்டியலில் சேர்க்க எவருக்கும் தோன்றவில்லை. டாஸ்பாக்ஸை ஊதியமின்றி எழுதியவர்கள், சாளரத்தை எட்டுவதற்கு முன்பே மூல அளவிலும் மூல வேகத்திலும் இழப்பின்றிப் பதிவு செய்யும் வசதியை அதற்குள்ளேயே அமைத்து, அதற்கென்று ஒரு குறியாக்க முறையையும் உருவாக்கித் தந்தார்கள். அவர்களால் இயன்றது பெருநிறுவனங்களால் இயலாதென்று நம்புவதற்கில்லை.

எனவே அட்டை நிறுவனங்களிடம் இவ்விதழ் முன்வைக்கும் கோரிக்கைகள் நான்கு. எந்தச் சாளரத்தையும் அதன் உட்பகுதி அளவில் பதிவின் மூலமாகத் தேர்ந்தெடுக்க அனுமதிக்க வேண்டும். பிரேம் வேகத்தைப் பயனரே எழுதவும், 4:4:4 நிறத்தையும் சீரான வேகத்தையும் தேர்ந்தெடுக்கவும் இடம் தர வேண்டும். பதிவு முறை, புதுப்பிப்பு வேகம், டிரைவர் பதிப்பு ஆகியவற்றைக் கோப்பிலேயே குறிக்க வேண்டும். காப்புள்ள சாளரம் எதிர்ப்பட்டால் அதை மட்டும் மறைத்து, மறைத்த நேரத்தையும் கோப்பில் குறித்து, பதிவைத் தொடர வேண்டும். இவற்றுள் எதற்கும் புதிய சில்லு தேவையில்லை.

அதுவரை வாசகர்கள் என்விடியா ஆப்பைத் துணுக்குகளுக்கு மட்டும் வைத்துக்கொள்வது நல்லது. ஆவணப் பதிவுக்கு, விளையாட்டை இயக்கும் மென்பொருளிலேயே பதிவு வசதி இருந்தால் அதையே முதலில் நாட வேண்டும். இல்லாதபோது ஓபிஎஸ்ஸின் விளையாட்டுப் பிடிப்பை, 4:4:4 நிறத்தோடும் விளையாட்டின் மூல வேகத்தோடும் பயன்படுத்த வேண்டும். டெஸ்க்டாப் பதிவைத் தவிர்க்கவே முடியாத இடத்தில், திரையை 70 அல்லது 140 ஹெர்ட்ஸில் நிறுத்தி, படத்தை முழுமடங்குகளாகப் பெருக்கி, சாளரத்தின் உட்பகுதி இரட்டைப்படை வரியில் தொடங்குகிறதா என்று ஒரு பிரேமைப் பெரிதாக்கிப் பார்த்துக்கொள்ள வேண்டும். ஒவ்வொரு கோப்போடும் விண்டோஸ் பதிப்பு, டிரைவர் பதிப்பு, புதுப்பிப்பு வேகம், பெருக்கம், பிடித்த முறை ஆகிய ஐந்தையும் தாங்கிய ஓர் உரைக்கோப்பு இருக்க வேண்டும். அக்குறிப்பு இல்லாத பதிவை இனி எந்தக் காப்பகமும் ஆவணமாக ஏற்க வேண்டாம்.